துருக்கிப் படங்களின் முதல் கதாநாயகி பெதியா முவாஹித் – சினிமா நடிகையா, நாடக நடிகையா?

பழஞ்சுருள் எழுதியது:

துருக்கி என்றால் நம்மில் பலருக்கு இப்போது நினைவுக்கு வருவது வாளும் குதிரையுமாக நூற்றுக்கணக்கான பகுதிகள் ஓடும் தொடர்கள்தான். அவற்றுக்கு நூறாண்டு முந்தைய ஒரு நடிகையைப் பற்றிப் பேசலாம் என்று இந்த இழையைத் தொடங்குகிறேன்.

பெதியா முவாஹித் 1897இல் பிறந்து 1994 ஜனவரியில் மறைந்தவர். சுல்தான் ஆட்சியில் பிறந்து, தொலைக்காட்சிக் காலம் வரை இருந்து பார்த்துவிட்டுப் போனவர். 1923இல் வெளிவந்த ‘ஆதெஷ்தென் கோம்லெக்’ (நெருப்புச் சட்டை) படத்தின் கதாநாயகி. துருக்கிக் கதைப்படத்தில் நடித்த முதல் முஸ்லிம் பெண்கள் இருவரில் ஒருவர். இன்னொருவர் அதே படத்தில் கெஸ்பான் என்ற கிராமத்துப் பெண்ணாக வந்த நெய்யிரே நெயிர்.

கதை ஹாலிதே எதிப் எழுதிய நாவல். 1922இல் ‘இக்தாம்’ நாளிதழில் தொடராக வந்தது. இஸ்மிரில் கணவனையும் குழந்தையையும் கிரேக்கப் படையெடுப்பில் பறிகொடுத்த ஆயிஷே, இஸ்தான்புல் வந்து, அங்கிருந்து அனத்தோலியப் போர்முனைக்குச் செவிலியாகப் போகிறாள். இயக்கம் முஹ்சின் எர்துருல், தயாரிப்பு கெமால் ஃபிலிம். நாவலைத் தரும்போது ஹாலிதே எதிப் போட்ட நிபந்தனை: பெண் வேடங்களில் துருக்கிய முஸ்லிம் பெண்களே நடிக்க வேண்டும். அதுவரை அந்த வேடங்கள் ஆர்மீனிய, கிரேக்கப் பெண்களுக்கே போய்க்கொண்டிருந்தன.

படம் வெளியானது 1923 ஏப்ரல் 23. அங்காராவில் தேசியப் பேரவை கூடிய நாளின் மூன்றாம் ஆண்டு நிறைவு. முதல் உலகப் போருக்குப் பின் இஸ்தான்புல்லைப் பிடித்து வைத்திருந்த நேச நாட்டுப் படைகள் அங்கிருந்து வெளியேறியதோ அந்த ஆண்டு அக்டோபரில். அதாவது, ஆக்கிரமிப்பை எதிர்த்த போரின் கதை, ஆக்கிரமித்தவர்கள் தெருவில் நடமாடிக்கொண்டிருக்கும்போதே திரைக்கு வந்தது. 1922 அக்டோபரில் முதன்யா போர்நிறுத்தம் ஆனபின் நகர நிர்வாகம் மெல்ல அங்காராவிலிருந்த தேசிய அரசின் கைக்கு வந்திருந்ததால்தான் இது முடிந்தது.

என் கேள்விக்கு வருகிறேன். எந்த நாட்டை எடுத்தாலும் மேடையில் பெயர் வாங்கியவர்கள்தான் படத்துக்குப் போனார்கள். பெதியா கதையில் இது தலைகீழ். முதலில் படம், அதில் நடித்ததால்தான் மேடை. ஏறிய பிறகு அரை நூற்றாண்டு அவர் மேடையை விட்டு இறங்கவில்லை. சினிமா அவருக்கு அவ்வப்போது வந்துபோகிற வேலையாகவே இருந்தது. ஒரு நாட்டின் திரைப்பட வரலாறு ‘முதல் கதாநாயகி’ என்று கொண்டாடும் ஒருவரைத் திரை இப்படிக் கைவிட்டதற்கு என்ன காரணம்?

---

செங்கை வாசு எழுதியது:

நல்ல இழை. ஆனால் ‘முதல்’ என்ற சொல் வந்த இடத்திலேயே எனக்குச் சண்டை தொடங்கிவிடுகிறது. அஃபிஃபே ஜாலேயைச் சொல்லாமல் பெதியாவைப் பேச முடியுமா?

1920. இஸ்தான்புல்லின் கடிக்கோய் பகுதியில் அப்பல்லோன் நாடக அரங்கு. ‘யமாலார்’ என்ற நாடகம். அதில் நடித்துவந்த ஆர்மீனிய நடிகை எலிசா பினெமெஜியான் நாட்டை விட்டுப் போய்விட்டதால் எமெல் என்ற வேடம் காலியாகிறது. பதினெட்டு வயது அஃபிஃபே அந்த இடத்தில் ஏறுகிறார். அடுத்தடுத்த நாடகங்களில் போலீஸ் அரங்குக்குள் நுழைகிறது. கினார் ஹனிம் என்ற மூத்த ஆர்மீனிய நடிகை அவரைப் பின்வாசல் வழியாக வெளியே தள்ளித் தப்பவைக்கிறார். 1921 பிப்ரவரியில் முஸ்லிம் பெண்கள் மேடை ஏறக் கூடாது என்று அரசின் உத்தரவே வந்துவிடுகிறது. நாடக நிறுவனமும் அஃபிஃபேயைக் கைகழுவுகிறது. தலைவலிக்குக் கொடுத்த மார்ஃபின் பழக்கமாகி, 1941இல் பக்கிர்கோய் மனநல மருத்துவமனையில் இறந்தார்.

இரண்டே ஆண்டு இடைவெளி. ஒருவருக்குப் போலீஸ், இன்னொருவருக்கு மாலை. பெதியாவின் திறமையை நான் குறைக்கவில்லை. கதவை முட்டித் தலையை உடைத்துக்கொண்டவர் ஒருவர், திறந்த கதவு வழியாக நடந்து வந்தவர் இன்னொருவர். ‘முதல்’ என்ற பட்டத்தை யாருக்குக் கொடுப்பது என்பதில் கொஞ்சம் மனசாட்சி வேண்டும்.

---

பழஞ்சுருள் எழுதியது:

வாசு, அஃபிஃபே மேடைக்கு முதல். பெதியாவும் நெய்யிரேயும் படத்துக்கு முதல். ஒருவர் பட்டத்தை இன்னொருவர் பிடுங்கவில்லையே. திறந்த கதவு என்கிறீர்கள். அந்தக் கதவைத் திறந்ததில் இந்தப் படத்துக்குப் பங்கு இருக்கிறது என்பதுதான் என் கட்சி.

---

நாகூர் சலீம் எழுதியது:

பெதியா ‘நடந்து வந்தார்’ என்பதை என்னால் ஏற்க முடியவில்லை. படத்துக்கு முன்பே அவர் ஒரு கதவை முட்டியிருக்கிறார். அது தொலைபேசி நிலையத்தின் கதவு.

இஸ்தான்புல் தொலைபேசி அப்போது வெளிநாட்டு நிறுவனம். பெண்களை வேலைக்கு எடுத்தார்கள், ஆனால் முஸ்லிம் பெண்களுக்கு இடமில்லை. பிரெஞ்சும் கிரேக்கமும் தெரிந்திருக்க வேண்டும் என்பது அவர்கள் சொன்ன சாக்கு. பெண்கள் சங்கம் ஒன்று தன் இதழில் இதை எழுதி எழுதிக் கிழித்தது. கடைசியில் நிறுவனம் இறங்கிவந்து சிலரை எடுத்துக்கொண்டது. அப்படிச் சேர்ந்தவர்களில் ஒருவர் பெதியா. கான்வென்ட் படிப்பு, பிரெஞ்சும் வரும், கிரேக்கமும் வரும்.

அந்த வேலையைக் கொஞ்சம் கற்பனை செய்து பாருங்கள். காதில் மாட்டிய கருவி, எதிரே துளைத் துளையாக ஒரு பலகை, கையில் கம்பி. விளக்கு எரிந்ததும் கம்பியைச் செருக வேண்டும். மறுமுனையில் பெரா வட்டாரத்துக் கிரேக்க வியாபாரி, அடுத்து ஒரு பிரெஞ்சு வங்கிக்காரர், அடுத்து ஒரு பாஷா வீட்டுச் சமையல்காரர். முகம் தெரியாத ஆளின் குரலை வைத்தே ஆள் எப்படி, அவசரமா கோபமா என்று பிடித்து, அதற்கேற்ற மொழியில், அதற்கேற்ற மரியாதையில் பதில் சொல்ல வேண்டும். நாடகப் பள்ளியில் படிக்காத ஒரு பெண் பின்னாளில் நகைச்சுவை வேடங்களில் விதவிதமான குரலில் பேசி அரங்கைக் கட்டிப்போட்டார் என்று படிக்கும்போது எனக்கு இந்தப் பலகைதான் நினைவுக்கு வருகிறது. இது என் ஊகம். ஆனால் வலுவான ஊகம் என்று நினைக்கிறேன்.

அதன் பிறகு எரென்கோய் பெண்கள் பள்ளியில் பிரெஞ்சு ஆசிரியை. கணவர் அஹ்மெத் ரெஃபெத் முவாஹித் நாடக நடிகர். பெதியாவின் பெயரில் இருக்கும் ‘முவாஹித்’ அவருடையதுதான்.

இன்னொன்று. ஹாலிதே எதிப் போர்முனையில் படைப்பிரிவில் இருந்தவர், பேச்சாளர். 1935இல் தில்லி வந்து ஜாமியா மில்லியாவில் தொடர் உரைகள் நிகழ்த்தினார். நம் பக்கத்தில் அவரைத் தெரிந்தவர்கள் அந்த உரைகள் வழியாகத் தெரிந்தவர்கள். அவர் நாவல்தான் ஒரு நாட்டின் நடிகைகளுக்கு வழிவிட்டது என்பது பலருக்குத் தெரியாது.

---

கேள்விக்குறி எழுதியது:

புதியவன். ஒரு சின்னச் சந்தேகம். எர்துருல் என்றால் தொடரில் வரும் அந்தக் கோடாரி வீரரா?

---

பெர்லின் ரகு எழுதியது:

கேள்விக்குறி தம்பி, அவர் 13ஆம் நூற்றாண்டு, ஒஸ்மானியப் பேரரசை நிறுவிய ஒஸ்மானின் தந்தை. இவர் 1892இல் பிறந்து 1979இல் இறந்த நாடகக்காரர். கோடாரி கிடையாது. ஆனால் துருக்கி சினிமாவில் ஏறக்குறைய பதினேழு ஆண்டு இவர் ஒருவர்தான் வெட்டியதும் நட்டதும்.

நான் இருக்கும் ஊரோடு இவருக்குத் தொடர்பு உண்டு. முதல் உலகப் போர் முடிந்த கையோடு பெர்லினில் ஜெர்மன் மௌனப் படங்களில் நடித்தார், இயக்கவும் செய்தார். 1922இல் இஸ்தான்புல் திரும்பி கெமால் ஃபிலிமுக்கு வரிசையாகப் படம் எடுத்தார். கெமால் ஃபிலிம் என்பது கெமால், ஷாகிர் செதென் என்ற சகோதரர்களின் நிறுவனம். அதற்கு முன் படம் எடுத்தவை எல்லாம் ராணுவம், போர் வீரர் சங்கம் போன்ற அமைப்புகள். தனியார் நிறுவனம் என்றால் இதுதான் முதல். ஸ்டூடியோ எங்கே தெரியுமா? தங்கக் கொம்பு நீர்க்கழியின் கரையில், ராணுவத்துக்குத் துருக்கித் தொப்பியும் துணியும் நெய்துகொடுத்த ஃபெஸ்ஹானே ஆலையில் ஒரு கூடம். அதைத்தான் படப்பிடிப்புத் தளமாக மாற்றிக்கொண்டார்கள்.

அங்கே நடிப்பது எவ்வளவு ஆபத்து என்பதற்கு ஒரு சம்பவம். 1922இல் ‘நூர் பாபா’ நாவலைப் படமாக்கினார்கள். பெக்தாஷி சூஃபி மடம் ஒன்றின் கதை. மடத்தைச் சேர்ந்தவர்கள் கொதித்துப்போய்ப் படப்பிடிப்புக்குள் புகுந்து தாக்கினார்கள். நாயகன் வேடத்தில் இருந்த ஆர்மீனிய நடிகர் வஹ்ராம் பாபஸ்யான் விலகிவிட்டார். அந்த வேடத்தை முஹ்சினே ஏற்று, போலீஸ் காவலில் படத்தை முடித்தார். பெயரையும் ‘போஸ்போரஸ் மர்மம்’ என்ற பொருளில் மாற்றி வெளியிட்டார்கள். இந்தக் கலவரத்தின் சூடு ஆறுவதற்குள் ஒரு முஸ்லிம் பள்ளி ஆசிரியையைக் கூப்பிட்டு “கேமராவுக்கு முன்னால் வந்து நில்லுங்கள்” என்றால், அதற்குச் சம்மதிப்பது சாதாரண துணிச்சல் இல்லை. வாசு கவனிக்கவும்.

---

செங்கை வாசு எழுதியது:

கவனித்தேன். துணிச்சல் இல்லை என்று நான் சொல்லவேயில்லை. விலை கொடுத்தது யார் என்றுதான் கேட்டேன். அந்த ‘விலகிய ஆர்மீனிய நடிகர்’, ‘நாட்டை விட்டுப் போன ஆர்மீனிய நடிகை’ என்று நீங்களும் நானும் போகிற போக்கில் சொல்லிக்கொண்டு போகிறோமே, அவர்கள்தான் அரை நூற்றாண்டாக அந்த மேடையைத் தூக்கி நிறுத்தியவர்கள். 1919இல் ‘முரெப்பியே’ படத்தில் பிரெஞ்சு ஆயாவாக நடித்தவரும் கிரேக்கப் பெண்தான். பிரெஞ்சுப் பெண்களை இழிவுபடுத்துகிறது என்று ஆக்கிரமிப்புப் படைத் தளபதி அந்தப் படத்தைத் தடுத்தார். ‘துருக்கிய முஸ்லிம் பெண்களே நடிக்க வேண்டும்’ என்ற நிபந்தனையை ஒரு பக்கம் பெண் விடுதலை என்று வாசிக்கலாம். மறுபக்கம், இதுவரை நடித்தவர்களுக்கு இனி வேலை இல்லை என்றும் வாசிக்கலாம். இரண்டும் ஒரே வாக்கியத்தில் இருக்கின்றன.

---

மீனலோசனி எழுதியது:

வாசு சொன்ன கடைசி வாக்கியத்துக்கு என் ஓட்டு. இதைப் பழஞ்சுருள் முதல் பதிவிலேயே சொல்லியிருக்கலாம்.

இனி பழஞ்சுருளின் கேள்விக்கு. திரை அவரைக் கைவிடவில்லை. கைவிடுவதற்குத் திரை என்று ஒன்று இருக்கவில்லை.

ஆண்டுகளை எண்ணிப் பாருங்கள். கெமால் ஃபிலிம் 1924இல் படம் எடுப்பதை நிறுத்திவிட்டது. முஹ்சின் சோவியத் யூனியனுக்குப் போய்விட்டார். ஒதெஸாவில் ‘ஸ்பார்டகஸ்’ எடுத்தார். நாட்டில் கதைப்படமே இல்லாத சில ஆண்டுகள். 1928இல் இபெக்சி சகோதரர்கள் இபெக் ஃபிலிம் தொடங்கியபின்தான் மறுபடி கேமரா சுழன்றது. அப்போதும் வருஷத்துக்கு ஒன்று இரண்டு, சில வருஷம் அதுவும் இல்லை. 1923இல் இருபத்தாறு வயதில் கதாநாயகியான ஒரு பெண் அடுத்த வாய்ப்புக்காக அத்தனை ஆண்டு கையைக் கட்டிக்கொண்டு உட்கார்ந்திருக்க முடியுமா?

மேடைக்கு அவர் எப்படிப் போனார் என்பதை யாரும் இன்னும் சொல்லவில்லை. படம் வந்த அதே ஆண்டு ஜூலையில் நாடகக் குழு இஸ்மிரில் முகாமிட்டிருந்தது. முஸ்தபா கெமால் (பின்னாளின் அதாதுர்க்) நாடகம் பார்க்க வந்தார். முஸ்லிம் பெண்கள் ஏன் மேடையில் இல்லை என்று கேட்டார். குழுவில் இருந்த அஹ்மெத் ரெஃபெத்தின் மனைவி படத்தில் நடித்தவர் என்று தெரியவந்ததும், அப்படியானால் அவர் நடிக்கட்டும் என்றார். அவசர அவசரமாக ஒரு வேடத்தைப் பாடம் பண்ணி, ஜூலை இறுதியில் ‘ஜெஸா கானூனு’ (தண்டனைச் சட்டம்) என்ற நாடகத்தில் மேடை ஏறினார் பெதியா. பேசாத படத்தில் நடித்த பெண்ணுக்கு வசனத்தோடு முதல் மேடை, முன்வரிசையில் போரில் வென்ற தளபதி. நானும் சபா மேடைகளில் சில்லறை வேடங்கள் கட்டியவள். ஒத்திகை போதாமல் ஏறும்போது நாக்கு எப்படி மேலண்ணத்தில் ஒட்டிக்கொள்ளும் என்பது எனக்குத் தெரியும். பக்கத்திரையிலிருந்து ஒருவர் வசனம் எடுத்துக் கொடுத்தாலும் காதில் விழாது.

அதற்குப் பிறகு அவர் தாருல்பெதாயியின் ஆள். 1914இல் இஸ்தான்புல் நகராட்சி தொடங்கிய நாடக நிறுவனம் அது. பாரிஸிலிருந்து ஆந்த்ரே ஆந்த்வானை வரவழைத்துத் தொடங்கினார்கள், உலகப் போர் வந்ததும் அவர் ஊர் திரும்பிவிட்டார். 1934இல் அது நகர நாடக அரங்கு என்று பெயர் மாறியது. 1927 முதல் அதற்குத் தலைவர் யார்? அதே முஹ்சின் எர்துருல்.

இதுதான் கதையின் முடிச்சு. குளிர்காலம் முழுக்க மேடை. கோடையில் அரங்கு மூடியிருக்கும்போது அதே இயக்குநர் அதே நடிகர்களை அழைத்துப் போய்ப் படம் எடுப்பார். மேடையில் வெற்றி பெற்ற அதே நகைச்சுவை நாடகம், அதே இசை நாடகம் படமாகும். 1922 முதல் 1939 வரை வந்த கதைப்படங்களில் மிகப் பெரும்பாலானவை ஒரே ஒருவர் இயக்கியவை. நிஜாத் ஓஸோன் என்ற திரைப்பட வரலாற்றாளர் இதற்கு ‘நாடகக்காரர்கள் காலம்’ என்று பெயர் வைத்தார். பாராட்டி வைத்த பெயர் இல்லை. அந்தக் காலத்தில் ‘சினிமா நடிகர்’ என்று ஒரு தொழிலே கிடையாது. நகராட்சிச் சம்பளம் வாங்கும் நாடக ஊழியர்கள் லீவு நாளில் செய்த உபதொழில்தான் துருக்கி சினிமா. பெதியா நாடக நடிகையா சினிமா நடிகையா என்ற கேள்விக்கு அந்தக் காலத்தில் அர்த்தமே இல்லை.

---

பெர்லின் ரகு எழுதியது:

மீனலோசனி அக்கா சொன்னதில் பெரும்பகுதி சரி. ஆனால் முஹ்சினை இப்படி ஒரே போடாகப் போடுவது அநியாயம். அந்த மனிதர் இல்லாவிட்டால் அந்த ஒன்றிரண்டு படமும் வந்திருக்காது. 1931இல் ‘இஸ்தான்புல் தெருக்களில்’ எடுக்கும்போது நாட்டில் ஒலிப்பதிவு வசதியே இல்லை. படத்தை எடுத்து, ஒலி சேர்க்கப் பாரிஸ் வரை தூக்கிக்கொண்டு போனார்கள். எகிப்தின் அஸீஸா அமீர் அதில் நடித்தார். அதன் பிறகுதான் இஸ்தான்புல்லின் நிஷாந்தாஷியில் ஒரு பழைய ரொட்டித் தொழிற்சாலையை வாங்கி ஒலிப்பட ஸ்டூடியோ ஆக்கினார் இபெக்சி குடும்பத்தார். 1932இல் ‘பிர் மில்லெத் உயானியோர்’ வந்தது, விடுதலைப் போர்க் கதை. அதில் யஹ்யா கப்தான் என்ற வீரராக நடித்த ஆதிஃப் என்ற நடிகர், குடும்பப் பெயர்ச் சட்டம் வந்தபோது ‘கப்தான்’ என்பதையே தன் பெயராக எடுத்துக்கொண்டார். நாடகக்காரர்களின் உபதொழில் ஒரு மனிதரின் பெயரையே மாற்றும் அளவுக்குப் போயிருக்கிறது.

---

மீனலோசனி எழுதியது:

ரகு, வேறு யாரும் எடுக்கவில்லை என்பதும், வேறு யாருக்கும் இடம் கொடுக்கவில்லை என்பதும் வெளியிலிருந்து பார்க்க ஒன்றுபோலவே இருக்கும். 1939இல் ஃபாரூக் கென்ச் என்ற, நாடகத்தோடு சம்பந்தமே இல்லாத ஆள் படம் எடுக்க வந்ததும் நிலைமை மாறத் தொடங்கியதே!

நடிப்பைப் பற்றியும் சொல்லிவிடுகிறேன். முப்பதுகளின் பேசும் படத் துண்டுகளைப் பார்த்திருக்கிறேன். நடிகர்கள் ஒருவரை ஒருவர் பார்த்துப் பேசுவதில்லை. அரங்கின் கடைசி வரிசைக்குப் பேசுகிறார்கள். இரண்டடி தள்ளி நிற்கும் கேமராவுக்கு அத்தனை குரல் எதற்கு? கதவைத் திறந்து உள்ளே வந்ததும் ஒரு நொடி நிற்பார்கள், கைதட்டலுக்கு. கைதட்ட அங்கே யாரும் இல்லை.

---

நாகூர் சலீம் எழுதியது:

அக்காவின் கடைசி வரிக்கு நான் கைதட்டுகிறேன்.

ஆனால் ஒரு மறுப்பு. எல்லோரும் அப்படி இல்லை. 1930களின் நடுவில் ‘பதக்லி தாமின் கிஸி ஐஸெல்’ என்ற படம் வந்தது. ஸ்வீடன் எழுத்தாளர் செல்மா லாகர்லாஃப் கதை. அதை அனத்தோலிய கிராமத்துக்குக் கொண்டுவந்திருந்தார்கள். நாயகி ஜாஹிதே சோன்கு. அவரும் அதே நகர நாடக அரங்கின் பெண்தான், இயக்கமும் அதே முஹ்சின்தான். ஆனால் வெளிப்புறப் படப்பிடிப்பு, வயல், வெளிச்சம். அந்த முகத்தைக் கேமரா விட்டு விலகவே இல்லை. படத்தில் அவர் தலைத்துணி கட்டியிருந்த விதத்தை இஸ்தான்புல் பெண்கள் பார்த்துக் கட்டிக்கொண்டார்கள் என்று எழுதியிருக்கிறார்கள். துருக்கியின் முதல் ‘நட்சத்திரம்’ என்ற சொல் அவருக்குத்தான் பொருந்தும். பெதியாவுக்குக் கிடைத்தது மரியாதை. ஜாஹிதேவுக்குக் கிடைத்தது மோகம்.

ஜாஹிதே அத்தோடு நிற்கவில்லை. 1950இல் சோன்கு ஃபிலிம் என்று சொந்த நிறுவனம் தொடங்கினார், படங்களை இயக்கவும் செய்தார். 1953இல் அவர் நிறுவனம் எடுத்த ‘பெக்லெனென் ஷார்கி’யில்தான் பாடகர் செகி முரென் திரைக்கு வந்தார். பிறகு நிறுவனம் தீயில் போனது, பணமும் போனது, குடி மிஞ்சியது. 1981இல் இறந்தார்.

---

செங்கை வாசு எழுதியது:

பார்த்தீர்களா, எல்லோரும் ஜாஹிதேவின் கடைசிக் காலத்தை மட்டும் மூன்று வரியில் சொல்லி ‘உச்’ கொட்டிவிடுகிறார்கள். ஒரு பெண் தயாரிப்பாளராக நின்று, அந்த ஆண்டின் பெரிய வெற்றிப் படங்களில் ஒன்றைக் கொடுத்ததை யாரும் நீட்டி எழுதுவதில்லை. சலீம் அண்ணன் உட்பட.

---

இழைக் காப்பாளர் எழுதியது:

ஜாஹிதே சோன்குவுக்குத் தனி இழை தொடங்கிக்கொள்ளலாம். இங்கே பெதியாவைப் பற்றித் தொடருங்கள். குரல் உயர்த்தாமல் பேசினால் நல்லது.

---

கேள்விக்குறி எழுதியது:

அப்படியானால் பெதியா பின்னாளில் படங்களில் நடிக்கவே இல்லையா? பேசும் படங்களில்? மேடை மட்டும்தானா?

---

பழஞ்சுருள் எழுதியது:

நடித்தார், தம்பி. 1939இல் ‘பிர் கவுக் தெவ்ரில்தி’ என்ற ஒஸ்மானியக் கால நகைச்சுவைப் படத்தில் நடித்தவர்களில் அவரும் உண்டு. ஐம்பது அறுபதுகளில் யெஷில்சாம் படங்களில் நிறையவே வந்தார். யெஷில்சாம் என்பது படக் கம்பெனிகள் நிறைந்த இஸ்தான்புல் தெருவின் பெயர். பிறகு அந்தத் தொழிலுக்கே பெயரானது. மாளிகைச் சீமாட்டி, கண்டிப்பான அத்தை, பிரெஞ்சுச் சொற்களை அள்ளித் தெளிக்கும் மாமியார். உண்மையான பிரெஞ்சு கற்றவர் என்பதால் அந்த உச்சரிப்பு அவருக்கு வேடம் கட்டாமலே வந்தது.

ஆனால் மேடைதான் அவர் வாழ்வு. அஹ்மெத் ரெஃபெத் 1927இலேயே இறந்துவிட்டார். கையில் ஒரு மகன். பிறகு ஆஸ்திரியாவிலிருந்து இஸ்தான்புல்லுக்குக் கற்பிக்க வந்த பியானோக் கலைஞர் ஃபெர்டி ஸ்டாட்ஸரை மணந்தார். 1951இல் அந்த மணம் முறிந்தது. இத்தனைக்கு நடுவிலும் நூற்றுக்கும் மேற்பட்ட நாடகங்கள். பிரெஞ்சிலிருந்து நாடகங்களை மொழிபெயர்த்தும் கொடுத்தார். 1975இல்தான் மேடையிலிருந்து ஓய்வு. 1987இல் ‘அரசுக் கலைஞர்’ பட்டம்.

மீனலோசனியின் வாதத்தைப் படித்தபின் எனக்கு ஒன்று தோன்றுகிறது. கோடை உபதொழில் என்று நீங்கள் சொன்ன அந்த ஏற்பாட்டில் தயாரிப்பாளருக்கு லாபம்: சம்பளச் சுமை குறைவு, பழகிய கூட்டம், மனப்பாடமான வசனம். நடிகருக்கும் பாதுகாப்பு: படம் தோற்றால் சோறு போகாது. ஜாஹிதே அந்தக் கூரையை விட்டு வெளியே வந்து தன் பணத்தைப் படத்தில் போட்டார். பெதியா கூரைக்கு அடியிலேயே இருந்தார். ஒருவர் நட்சத்திரம் ஆனார், ஒருவர் ஓய்வூதியம் வாங்கினார். பெதியாவின் நீண்ட வாழ்வைக் கலை வெற்றி என்று மட்டும் எழுதுகிறார்கள். அது ஒரு நகராட்சி வேலையின் வெற்றியும் கூட.

---

மீனலோசனி எழுதியது:

இது எனக்குப் பிடித்திருக்கிறது. நம் ஊர் நாடகக்காரர்கள் பலருக்கு அந்த நகராட்சி வேலை கிடைத்திருந்தால் என்று பெருமூச்சு விட்டுக்கொள்கிறேன்.

நாடகக்காரர்களைக் கேமராவிலிருந்து விரட்டியபின் நடந்ததையும் சேர்த்துக்கொள்ளுங்கள், வேடிக்கையாக இருக்கும். 1943இல் ஃபாரூக் கென்ச் ‘தெர்த்லி புனார்’ படத்தை ஒலியில்லாமல் எடுத்து, பிறகு குரல் சேர்த்தார். செலவு மிச்சம். எல்லோரும் அதையே பிடித்துக்கொண்டார்கள். 1948இல் உள்நாட்டுப் படங்களுக்கு நகராட்சி வரியை 25 சதவீதமாகக் குறைத்தார்கள், வெளிநாட்டுப் படத்துக்கு 70. படங்கள் மளமளவென்று பெருகின. அழகான முகம் இருந்தால் போதும், குரல் வேண்டாம், வசனம் பேசத் தெரிய வேண்டாம். அப்படியானால் குரலுக்கு எங்கே போவது? அதே நகர நாடக அரங்குக்கு! யெஷில்சாம் நாயக நாயகியர் பலர் பல ஆண்டுகள் பேசியது நாடகக்காரர்களின் தொண்டையால். முன்வாசலில் அனுப்பியவர்கள் பின்வாசல் வழியாக ஒலிப்பதிவு அறைக்குள் வந்து உட்கார்ந்துவிட்டார்கள்.

---

நாகூர் சலீம் எழுதியது:

குரல் என்றதும் ஃபெர்தி தைஃபூரைச் சொல்லாமல் விட மனம் வரவில்லை. காப்பாளர் மன்னிக்க, ஒரே ஒரு பத்தி. ‘பிர் மில்லெத் உயானியோர்’ படத்தில் நடித்தவர், ஆனால் புகழ் வந்தது குரலால். லாரல்–ஹார்டி இருவரையும் வெளிநாட்டான் தட்டுத் தடுமாறித் துருக்கி மொழி பேசுவதுபோல் பேசவைத்தார். மார்க்ஸ் சகோதரர்களின் கிரௌச்சோவுக்கு ‘அர்ஷாக் பலாபியிக்யான்’ என்று ஆர்மீனியப் பெயரே வைத்து, இஸ்தான்புல் ஆர்மீனியர் பேச்சில் பேசினார். அந்த அமெரிக்கர் தங்கள் ஊர்க்காரர் என்றே மக்கள் நினைத்துச் சிரித்தார்கள். சகோதரி அதாலெத் ஜிம்ஜோஸும் யெஷில்சாம் நாயகிகளுக்குக் குரல் கொடுத்தவர்.

வாசு, உங்கள் ஆர்மீனிய நடிகர்கள் மேடையை விட்டுப் போனபின் அவர்கள் பேச்சு மட்டும் ஒரு நகைச்சுவைக் குரலாகத் திரும்பி வந்தது. இதைப் பற்றி என்ன சொல்கிறீர்கள்?

---

செங்கை வாசு எழுதியது:

சிரிப்பு வரவில்லை என்று சொல்கிறேன். கேட்டால் வந்துவிடுமோ என்றும் பயப்படுகிறேன்.

என் கட்சியை நான் விடவில்லை. பழஞ்சுருள் சொன்ன ‘படம் கதவைத் திறந்தது’ என்பதில் பாதிதான் ஒப்புக்கொள்வேன். படம் ஒரு பெண்ணை அடையாளம் காட்டியது. கதவைத் திறந்தது அதிகாரம். தளபதி இஸ்மிருக்கு நாடகம் பார்க்க வராமல் இருந்திருந்தால் பெதியா எரென்கோய் பள்ளியில் பிரெஞ்சு இலக்கணம் சொல்லிக்கொடுத்துக்கொண்டிருந்திருப்பார். அஃபிஃபேயின் காலத்தில் முன்வரிசையில் அப்படி ஒரு ஆள் உட்கார்ந்திருக்கவில்லை, அவ்வளவுதான் வித்தியாசம்.

---

பெர்லின் ரகு எழுதியது:

அப்படியானால் நெய்யிரேயை எங்கே வைப்பீர்கள்? அவருக்குக் கணவர் வழியில் வாய்ப்பு வரவில்லை, தளபதியும் கூப்பிடவில்லை. ஆசிரியர் பயிற்சி முடித்த பெண். படத்துக்கு முஸ்லிம் பெண் தேவை என்று பத்திரிகையில் விளம்பரம் வந்தது, எழுதிப் போட்டார். சொந்தப் பெயர் மூனிரே. நெய்யிரே நெயிர் என்பது திரைக்காகப் பூண்ட பெயர். முஹ்சினை மணந்தது பிறகு, 1929இல். மேடையில் வளர்ந்து, கணவரோடு சேர்ந்து நாடகப் பத்திரிகையும் நடத்தி, 1943இல் நாற்பத்தொரு வயதில் போய்விட்டார். தொண்ணூற்றேழு வயது வரை இருந்தவரைப் பேட்டி எடுக்க ஆட்கள் வந்துகொண்டே இருந்தார்கள். முதலிலேயே போனவரைப் பற்றி நாம் இந்த இழையில் இத்தனை பதிவுக்குப் பிறகுதான் இரண்டு வரி எழுதுகிறோம்.

---

செங்கை வாசு எழுதியது:

நெய்யிரேவுக்கு என் எதிர்ப்பே இல்லை. விளம்பரம் பார்த்து விண்ணப்பம் போட்டவருக்குத்தான் பட்டம் என்றால் இப்போதே கையெழுத்துப் போடுகிறேன்.

---

பழஞ்சுருள் எழுதியது:

பட்டம் கொடுக்க நமக்கு யார் அதிகாரம் கொடுத்தார்கள்? துருக்கியர்களே வேறு விதமாகத் தீர்ப்புச் சொல்லியிருக்கிறார்கள்: 1997 முதல் இஸ்தான்புல்லில் ஆண்டுதோறும் கொடுக்கப்படும் பெரிய நாடக விருதின் பெயர் ‘அஃபிஃபே’. போலீஸ் துரத்திய அதே பெண். வாசு இதற்காவது மகிழ்ந்துகொள்ளட்டும்.

நெய்யிரேவுக்குத் தனி இழை வேண்டும் என்று ரகு நினைத்தால் தொடங்கட்டும். அந்த விளம்பரத்துக்கு எத்தனை பேர் எழுதிப் போட்டிருப்பார்கள், அவர்களில் வீட்டுக்குத் தெரியாமல் எழுதியவர்கள் எத்தனை பேர் என்பதில் தொடங்கி அங்கே பேசலாம்.

---

செங்கை வாசு எழுதியது:

இறந்த பிறகு விருது. அதையும் குறித்துக்கொள்ளுங்கள். ரகு, இழையைத் தொடங்குங்கள், வருகிறேன்.